கடுகளவு பூமி

ஞாயிற்றுத் தொகுதிப் படத்தைப் பாடநூலிலே காணாத மாணவர் இலர். கதிரவனும் எட்டுக் கோள்களும் நெருங்கி நிற்கும் அப்படம் கோள்களின் வரிசையை உணர்த்துமேயன்றித் தூரத்தை உணர்த்தாது. பருமனையும் தூரத்தையும் ஒரே அளவுத்திட்டத்தில் வரைய எந்த நூலின் பக்கமும் போதாது. தாளில் இயலாத அதனை வீதியிலே செய்து பார்க்கலாம்.

பூமியின் விட்டம் ஏறக்குறைய 12,700 கிலோமீற்றர். அதனை 2 மில்லிமீற்றர் பருமனுள்ள கடுகாகக் கொள்வோம். அப்பொழுது கதிரவன் ஓர் உதைபந்தின் அளவாகும். பந்தை வீட்டு வாயிலில் வைத்துவிட்டு, கடுகுடன் 23 மீற்றர் நடத்தல் வேண்டும். 15 கோடி கிலோமீற்றர் என்பது அதுவே. கடுகிலிருந்து மூன்று விரற்கடை தள்ளி ஒரு மணற்றுகளை வையுங்கள். 1969ஆம் ஆண்டில் மனிதர் சென்று கால்பதித்த சந்திரன் அது!

வியாழன் ஒரு நெல்லிக்காய். பந்திலிருந்து 120 மீற்றருக்கு அப்பால் நிற்கும். கடைக்கோளான நெப்தியூன் ஒரு கடலை. அதற்கு 700 மீற்றர் நடத்தல் வேண்டும். இவ்வீதியிலே ஒளியும் எறும்புபோல ஊரும்: பந்திலிருந்து கடுகை அடைய 8 நிமிடத்துக்கு மேலாகும், கடலையை அடைய 4 மணி நேரத்துக்கு மேலாகும்.

1977இல் புறப்பட்ட வொயேஜர் 1 விண்கலம், 35 ஆண்டுகள் ஓயாது சென்று, 2012இல் கதிரவனிலிருந்து வீசும் துகட்காற்றின் எல்லையைக் கடந்தது. நம் அளவில் அவ்வெல்லை பந்திலிருந்து 3 கிலோமீற்றர்கூட இல்லை. கதிரவனுக்கு அடுத்து நமக்கு அண்மையிலுள்ள விண்மீனோ 6,300 கிலோமீற்றருக்கு அப்பாலுள்ளது!

விடுமுறை நாளொன்றில் பிள்ளைகளுடன் இவ்வாறு நடந்து பாருங்கள். படம் கற்பியாததைக் கால்கள் கற்பிக்கும்.