இன்ச் மட்டும் போதாதுங்க... கார் வீல் வாங்கும் முன் பார்க்க வேண்டிய 6 அளவுகள்!

ஊத்துக்குளி, பெருமாநல்லூர், அவிநாசி, திருப்பூர் வட்டாரத்தில் அளவைப் பற்றி யாருக்கும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. துணிக்கு டயா, ஜி.எஸ்.எம், தைத்து முடித்த டி-ஷர்ட்டுக்கு நெஞ்சளவு, உயரம், தோள்பட்டை, கை நீளம். மெஷர்மென்ட் சார்ட்டில் உள்ள ஒவ்வொன்றையும் டேப் வைத்துப் பார்த்த பிறகுதான் பெட்டி கட்டுவார்கள். ‘மீடியம்’ என்று லேபிள் ஒட்டியிருக்கிறது என்பதற்காக மட்டும் எந்த பையரும் சரக்கை எடுத்துக்கொள்வதில்லை.

ஆனால், அதே வீட்டுக் காருக்கு வீல் மாற்றப் போனால் பேச்சு ஒரே கேள்வியில் முடிந்துவிடுகிறது. “14 இன்ச்சா, 15 இன்ச்சாங்க?” இன்ச்சைச் சொன்னதும் கடைக்காரர் நாலு டிசைனை எடுத்து வைக்கிறார். பிடித்ததைக் காட்டினால், “அதெல்லாம் உக்காந்துக்குங்க” என்கிறார். உட்காரவும் செய்கிறது. உட்கார்ந்ததெல்லாம் சரியாகப் பொருந்தியதாகிவிடாது என்பதுதான் சிக்கல்.

ஊருக்குள் 30, 40 கிலோமீட்டர் வேகத்தில் போகும்வரை ஒன்றும் தெரியாது. செங்கப்பள்ளி தாண்டி தேசிய நெடுஞ்சாலை 544-ல் ஏறி, வண்டி 80-ஐத் தொடும்போது ஸ்டீயரிங் நடுங்கும். பின் சீட்டில் நாலு பேர் ஏறினால் டயர் மட்கார்டில் உரசும். சில மாதங்களில் பேரிங் சத்தம் போடும். எல்லாவற்றையும்விட மோசமானது, நட்டு தளர்ந்து ஓடும் வண்டியில் வீல் கழல்வது. கடையில் இன்னும் ஐந்து கேள்விகள் கேட்டிருந்தால் இவற்றில் பெரும்பாலானவை நடந்திருக்காது.

அலாய் வீல் வாங்கினாலும், பள்ளத்தில் விழுந்து வளைந்த ஸ்டீல் டிஸ்க்குக்குப் பதில் வேறு வாங்கினாலும், சென்னை புதுப்பேட்டை போன்ற இடத்தில் பழைய வீல் தேடினாலும் பார்க்க வேண்டிய அளவுகள் இந்த ஆறுதான்.

1. ரிம்மின் விட்டம்

இதுதான் எல்லோரும் கேட்கும் ‘இன்ச்’. டயரின் பக்கவாட்டில் 165/80 ஆர்14 என்று இருந்தால், கடைசியில் உள்ள 14 என்பதே ரிம்மின் விட்டம். 14 இன்ச் டயர் 14 இன்ச் ரிம்மில் மட்டுமே உட்காரும். இதில் யாரும் தவறுவதில்லை. தவறுகள் நடப்பது அடுத்து வரும் ஐந்தில்தான்.

2. நட்டு வட்டம்

வீல் நட்டுகளின் மையங்கள் வழியாக ஒரு வட்டம் போட்டால், அதன் விட்டம்தான் பி.சி.டி. நாலு நட்டு வண்டியில், எதிரெதிரே உள்ள இரண்டு ஓட்டைகளின் மையத்துக்கு மையம் அளந்தால் இது கிடைத்துவிடும். நட்டுகளின் எண்ணிக்கையையும் சேர்த்து 4x100 என்று எழுதுவார்கள். நாலு நட்டு, 100 மில்லிமீட்டர் வட்டம் என்று அர்த்தம்.

மாருதி ஸ்விஃப்ட், பலேனோ, ஹூண்டாய் கிராண்ட் ஐ10, ஐ20, டொயோட்டா எட்டியோஸ், ஹோண்டா ஜாஸ் எல்லாம் 4x100. ஆனால், ஃபோர்டு ஃபிகோ 4x108. ஃபோக்ஸ்வாகன் போலோவுக்கு ஐந்து நட்டு, 5x100. ஒரே கம்பெனி வண்டிகளுக்குள்ளும் மாறும். மாருதியின் பிரெஸ்ஸா 5x114.3. 2015-ல் வந்த ரெனோ க்விட்டுக்கும் டாடா நானோவுக்கும் மூன்றே நட்டு.

108-க்கும் 100-க்கும் உள்ள வித்தியாசம் மாட்டும்போதே தெரிந்துவிடும், ஏறவே ஏறாது. ஆபத்தானது 98-ம் 100-ம்தான். ஃபியட் புன்டோவின் அளவு 4x98. அந்த வீலை 4x100 வண்டியில் வைத்து ஸ்பேனரால் அழுத்தி முறுக்கினால் ஏறியதுபோலத் தோன்றும். உண்மையில் நட்டுகள் தங்கள் இருக்கையில் முழுதாக அமராமல் ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டிருக்கும். ஓடஓட அவை தளரும், இல்லையென்றால் ஸ்டட் முறியும். நம் கண்ணில் படாத 2 மில்லிமீட்டர் செய்யும் வேலை இது.

3. நடு ஓட்டை

வீலின் நடுவில் உள்ள பெரிய ஓட்டை, வண்டியின் ஹப்பில் கச்சிதமாக அமர வேண்டும். வீலை மையத்தில் நிறுத்துவது இந்தப் பிடிதான். மாருதி, ஹூண்டாய், டொயோட்டாவின் சிறிய கார்கள் பலவற்றில் இதன் அளவு 54.1 மில்லிமீட்டர். ஹோண்டா ஜாஸுக்கு 56.1.

ஜாஸின் வீலை ஸ்விஃப்ட்டில் மாட்டினால் நட்டு வட்டம் சரியாக இருக்கும், ஆனால் நடுவில் சுற்றிலும் 1 மில்லிமீட்டர் இடைவெளி விழும். வீல் மையத்திலிருந்து ஒரு நூல் விலகினாலும் வேகத்தில் ஸ்டீயரிங் நடுங்கும். நாலு தடவை பேலன்சிங் செய்தும் நடுக்கம் போகவில்லை என்பவர்கள் இந்த இடத்தைச் சோதித்துப் பார்க்கலாம். இதற்குத் தீர்வு உண்டு. ‘ஹப் ரிங்’ என்ற மெல்லிய வளையத்தைப் போட்டு இடைவெளியை அடைத்துவிடலாம். வெளிக் கம்பெனி அலாய்கள் பல வண்டிகளுக்கும் பொருந்தட்டும் என்று பெரிய ஓட்டையோடுதான் பெரும்பாலும் வருகின்றன. அதனால், உங்கள் வண்டிக்கான ஹப் ரிங்கைக் கேட்டு வாங்குங்கள். ஓட்டை சிறியதாக இருக்கும் வீலைக் கடைந்து பெரிதாக்கித் தருகிறேன் என்றால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள்.

4. ரிம்மின் அகலம்

5ஜே, 5.5ஜே, 6ஜே என்று எழுதியிருப்பதில் முன்னால் உள்ள எண்தான் அகலம், அதுவும் இன்ச்சில். ஒவ்வொரு டயருக்கும் இத்தனை அகலத்திலிருந்து இத்தனை அகலம் வரை என்று ஒரு வரம்பு உண்டு. 185/65 ஆர்15 டயரை 5 முதல் 6.5 இன்ச் வரையுள்ள ரிம்மில் போடலாம். அகலமான ரிம்மில் ஒல்லி டயரை இழுத்துப் போட்டால், பள்ளத்தில் இறங்கும்போது அடியை டயருக்குப் பதில் ரிம்மின் விளிம்பு வாங்கும்.

5. ஆஃப்செட்

ஆறு அளவுகளில் அதிகம் பேர் கேட்காதது இதுதான். வீல் உள்ளே தள்ளி நிற்குமா, வெளியே தள்ளி நிற்குமா என்பதை முடிவு செய்யும் எண் இது. வீலில் இ.டி 45, இ.டி 38 என்று பொறித்திருக்கும். எண் கூடினால் வீல் உள்ளே போகும், குறைந்தால் வெளியே வரும்.

ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். இருப்பது 5ஜே, இ.டி 45. வாங்கப் போவது 6ஜே, இ.டி 35. அகலம் 1 இன்ச் கூடுவதால் இரு பக்கமும் அரை இன்ச், அதாவது 12.7 மில்லிமீட்டர் கூடும். இ.டி 10 குறைவதால் முழு வீலும் 10 மில்லிமீட்டர் வெளியே நகரும். ஆக வெளிப்பக்க விளிம்பு 22.7 மில்லிமீட்டர் வெளியே வருகிறது. பார்க்க ‘கெத்தாக’ இருக்கலாம். ஆனால் ஆள் ஏறினால் மட்கார்டில் உரசும், மழையில் சேறு கதவெல்லாம் அடிக்கும், வீல் பேரிங் மீது சுமை கூடும். உள்ளே போனாலும் வம்புதான். ஸ்டீயரிங்கை முழுதாகத் திருப்பினால் சஸ்பென்ஷனில் இடிக்கும். ஒரிஜினல் எண்ணுக்கு எவ்வளவு பக்கத்தில் இருக்கிறதோ அவ்வளவு நல்லது. இடைவெளிக்கு ‘ஸ்பேசர்’ போட்டுச் சரிக்கட்டும் வழியைத் தவிர்த்துவிடுங்கள்.

6. நட்டு

ஸ்விஃப்ட் வீலும் கிராண்ட் ஐ10 வீலும் நட்டு வட்டத்திலும் நடு ஓட்டையிலும் ஒன்று. ஆனால் நட்டு ஒன்றல்ல. இரண்டுமே 12 மில்லிமீட்டர் நட்டுதான். மாருதியின் மரை இடைவெளி 1.25 மில்லிமீட்டர், ஹூண்டாய், டொயோட்டா, ஹோண்டாவுக்கு 1.5. மாற்றிப் போட்டு ஏர் கன்னால் முறுக்கினால் மரை வழுக்கிவிடும். அதற்குப் பிறகு அந்த நட்டு பிடிப்பதுபோல நடிக்கும், அவ்வளவுதான்.

நட்டு எப்படி அமர்கிறது என்பதையும் பாருங்கள். ஹோண்டாவின் ஒரிஜினல் அலாயில் நட்டின் முனை உருண்டையாக இருக்கும். வெளியில் விற்கும் அலாய்கள் பெரும்பாலும் கூம்பு முனை கேட்கும். கூம்புக் குழியில் உருண்டை நட்டைப் போட்டால் பிடிமானம் ஓரமாக மட்டுமே கிடைக்கும்.

வீட்டிலேயே செய்யக்கூடிய சோதனை ஒன்று உண்டு. ஸ்பேனர் இல்லாமல் விரலால் நட்டைத் திருகுங்கள். லகுவாக ஏற வேண்டும். இறுகி நிற்பதற்குள் 1.5 மரையில் குறைந்தது 8 சுற்றும், 1.25 மரையில் 10 சுற்றும் வர வேண்டும். அதாவது ஸ்டட்டின் தடிமனான 12 மில்லிமீட்டர் அளவுக்காவது மரை உள்ளே போயிருக்க வேண்டும். அதற்கும் குறைந்தால் அந்த வீல் அந்த வண்டிக்கு இல்லை.

டயர் கணக்கு

ரிம் பெரிதானால் டயரின் உயரம் குறைய வேண்டும். மொத்த விட்டம் மாறக் கூடாது. 2018-ல் வந்த ஸ்விஃப்ட்டையே எடுத்துக்கொள்வோம். குறைந்த விலை மாடலுக்கு 165/80 ஆர்14, விலை கூடிய மாடலுக்கு 185/65 ஆர்15. கணக்குப் போட்டால் முதலாவதன் மொத்த விட்டம் 619.6 மில்லிமீட்டர், இரண்டாவதற்கு 621.5. வித்தியாசம் 2 மில்லிமீட்டர்கூட இல்லை. 195/55 ஆர்16 போட்டாலும் 620.9 வரும்.

கணக்கு எளிதுதான். 165/80 ஆர்14 என்றால், 165-ல் 80 சதவிகிதம் 132 மில்லிமீட்டர், அதுதான் டயரின் சுவர் உயரம். மேலும் கீழும் சேர்த்து 264. ரிம்முக்கு 14-ஐ 25.4-ஆல் பெருக்கினால் 355.6. இரண்டையும் கூட்டினால் 619.6.

இந்தக் கணக்கைப் பார்க்காமல் 15 இன்ச் ரிம்மில் 205/65 டயர் போட்டால் விட்டம் 647.5 ஆகிவிடும், 4 சதவிகிதத்துக்கு மேல் அதிகம். ஸ்பீடோமீட்டர் முன்பு காட்டியதைவிடக் குறைவாகக் காட்டும். முள் 80-ல் நின்றாலும் வண்டி மூன்று கிலோமீட்டர் கூடுதலாக ஓடும். பிக்கப்பும் மந்தமாகும்.

டயரில் அளவை அடுத்து வரும் எண் சுமை எண். 85 என்றால் ஒரு டயர் 515 கிலோ தாங்கும், 82 என்றால் 475. பின்னால் நூல் மூட்டையோ பீஸ் பண்டலோ ஏற்றும் வழக்கம் இருந்தால், இந்த எண் ஒரிஜினலைவிடக் குறையக் கூடாது.

நம்ம ரோட்டுக்கு எது?

14 இன்ச்சிலிருந்து 16-க்குப் போகும்போது டயரின் சுவர் 132 மில்லிமீட்டரிலிருந்து 107-ஆகக் குறைகிறது. அந்த 25 மில்லிமீட்டர்தான் பள்ளத்துக்கும் ரிம்முக்கும் நடுவில் இருந்த மெத்தை. கம்பெனி வேனும் சரக்கு லாரியும் ஓடி ஓடிக் குழி விழுந்த சாலை, பெயின்ட் அழிந்த வேகத்தடை, தண்ணீர் தேங்கி ஆழம் தெரியாத ரயில்வே பாலம்... தினமும் இவற்றில் போகிறவருக்கு அந்த மெத்தை தேவை. வண்டியின் மேல் மாடலுக்குக் கம்பெனியே கொடுக்கும் அளவோடு நிறுத்திக்கொள்வது நல்லது.

ஸ்டீல் டிஸ்க் அடி வாங்கினால் வளையும். லேசான வளைவைத் தட்டி நிமிர்த்தலாம். அலாய் வெடிக்கலாம். அதனால், பழைய அலாய் வாங்கும்போது உள்பக்கத்தைத் துடைத்துவிட்டு வெளிச்சத்தில் பாருங்கள். வெல்டிங் தடமோ, புது பெயின்ட் மட்டும் பூசிய திட்டோ தெரிந்தால் விட்டுவிடுங்கள். புதியது என்றால் ஐ.எஸ்.ஐ முத்திரையும், தாங்கும் சுமையும் பொறித்திருக்கிறதா என்று பாருங்கள். அடி, வளைவு, சுமைச் சோதனைகளைத் தாண்டிய வீலுக்கும் டிசைனைப் பார்த்து வார்த்த வீலுக்கும் வெளித்தோற்றத்தில் வித்தியாசம் தெரியாது.

சட்டமும் இன்ஷூரன்ஸும்

பதிவுச் சான்றிதழில் உள்ள விவரங்கள், தயாரிப்பாளர் குறிப்பிட்டதிலிருந்து மாறும்படி வண்டியை மாற்றக் கூடாது என்கிறது மோட்டார் வாகனச் சட்டம் 1988-ன் 52-வது பிரிவு. கேரளத்திலிருந்து வந்த ஒரு வழக்கில் 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் இதை உறுதிசெய்தது. வீல் வெளியே துருத்தி நிற்கும்படி மாற்றினால் சிக்கலை நாமே விலைக்கு வாங்குவதுபோலத்தான். உங்கள் மாடலுக்குத் தயாரிப்பாளர் கொடுத்துள்ள அளவுகளுக்குள் இருப்பதே பாதுகாப்பு.

வெளியில் வாங்கி மாட்டிய அலாய், பாலிசியில் தானாகச் சேர்ந்துவிடாது. இன்ஷூரன்ஸ் கம்பெனிக்குத் தெரிவித்து, அதற்கான பிரீமியத்தையும் கட்டினால்தான் அதற்கு இழப்பீடு கேட்க முடியும்.

கடைக்குப் போகும் முன்

* டிரைவர் பக்கக் கதவைத் திறந்து, தூணில் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரைப் போட்டோ எடுங்கள். டயர் அளவும் காற்றழுத்தமும் அதில் இருக்கும்.

* பழைய வீலின் உள்பக்கத்தில் பொறித்துள்ள ஜே, இ.டி எண்களையும் போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள்.

* “அண்ணா, இதோட பி.சி.டி என்ன, நடு ஓட்டை எவ்வளவு, இ.டி எவ்வளவு, நட்டு எந்த மரை?” என்று கேளுங்கள். பதில் எண்ணாக வர வேண்டும். “எல்லா வண்டிக்கும் போடறதுதானுங்க” என்பது பதில் அல்ல.

* அந்த எண்களை பில்லில் எழுதி வாங்குங்கள். பொருந்தாவிட்டால் திருப்பி எடுத்துக்கொள்வார்களா என்பதையும் முன்கூட்டியே பேசிவிடுங்கள்.

* முதலில் முன்பக்கம் ஒரு வீலை மட்டும் மாட்டச் சொல்லுங்கள். ஸ்டீயரிங்கை இரு பக்கமும் கடைசிவரை திருப்பிப் பாருங்கள். பின்பக்கம் மாட்டியதும் நாலு பேரை ஏற்றி உட்காரவைத்துப் பாருங்கள். எங்கும் உரசக் கூடாது.

* பழைய ஸ்டீல் நட்டுகளைத் தூக்கிப் போட வேண்டாம். ஸ்டெப்னி ஸ்டீலாகவே இருந்தால், பஞ்சரான அன்று அதற்கு அந்த நட்டுகள்தான் வேண்டும்.

மாட்டும்போது நட்டுகளை வரிசையாக முறுக்காமல் எதிரெதிராக முறுக்க வேண்டும். கடைசி இறுக்கம் டார்க் ரெஞ்சில் இருக்கட்டும். எவ்வளவு என்பது வண்டியோடு வந்த புத்தகத்தில் இருக்கும். மரையில் கிரீஸோ எண்ணெயோ வேண்டாம்.

புது வீல் ஓடிப் பழகியதும் நட்டு லேசாகத் தளர்வது உண்டு. அதனால் 50 முதல் 100 கிலோமீட்டருக்குள், வீல் ஆறியிருக்கும்போது, இன்னொரு முறை இறுக்கம் பார்த்துவிடுங்கள். ஊத்துக்குளியில் மாட்டினால், ஒரு தடவை ஈரோடு போய்த் திரும்பும் தூரம்தான். திரும்பி வந்து வண்டி நின்றதும் ஐந்து நிமிட வேலை.