ஆடிக் கூழுக்கு மட்டும்தானா முருங்கைக்கீரை?



ஆடி மாதம் அம்மன் கோயிலில் கூழ் வார்க்கும்போது தொட்டுக்கொள்ள என்ன வைக்கிறோம்? முருங்கைக்கீரைத் துவட்டல், கருவாட்டுக் குழம்பு. சென்னை, திருவள்ளூர் பக்கத்தில் இது தெரியாத வீடு கிடையாது. அந்தக் கீரையையும் கருவாட்டையும் ஒரே சட்டியில் சேர்த்து, காரசாரமாகத் துவட்டுவது பற்றித்தான் இன்று உங்களோடு பேசப் போகிறேன். "இதைக் கூடவா ரேடியோவில் சொல்லித் தர வேண்டும்?" என்று யாரோ சிரிப்பது காதில் விழுகிறது. கொஞ்சம் பொறுங்கள். செய்யத் தெரியும் என்பது சரிதான். ஆனால் எத்தனை நாளைக்கு ஒரு முறை செய்கிறீர்கள், எப்படிச் செய்கிறீர்கள் என்பதில்தான் விஷயம் இருக்கிறது.

பழவேற்காட்டு ஏரியை ஒட்டிய கோட்டைக்குப்பத்தில் ஒரு தாய் என்னிடம் கேட்டார்: "மீனும் எறாவும் புழங்குற ஊட்டுல ரத்தம் எப்படிம்மா கொறையும்? டாக்டரம்மா என் பொண்ணுக்கு ரத்தமே இல்லேன்றாங்களே!" பெண்ணுக்கு அது ஏழாவது மாதம். மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்குகிறது, கண் இமையைக் கீழே இழுத்துப் பார்த்தால் வெளுத்துக் கிடக்கிறது.

கேள்வி நியாயமான கேள்வி. பதில்தான் மனசுக்குக் கஷ்டமாக இருந்தது. அந்த ஊரில் ஏரியில் இறால் பிடிப்பது பாட்டு முறைப்படி நடக்கிறது. இந்த இடத்தில், இந்த நாளில், இன்னார் வலை போடலாம் என்று முறை வைத்திருக்கிறார்கள். பாடு கிடைத்த நாளில் இறால் வருகிறது. ஆனால் நல்ல இறால் வீட்டு அடுப்புக்கு வருவதில்லை, நேராக ஏலத்துக்குப் போகிறது. மிஞ்சியதைக் குழம்பு வைத்தால் கண்டம் ஆம்பிளைகளுக்கும் பிள்ளைகளுக்கும். அம்மாவுக்கு அடிச்சட்டிக் குழம்பும் சோறும். அதன் மேல் ஒரு டம்ளர் டீ. முகத்துவாரம் மண் மூடி ஏரியில் இறால் குறைகிற காலத்தில் அந்தக் குழம்பும் தண்ணியாகி விடுகிறது. மீன் பிடிக்கிற ஊர் என்பதால் எல்லாரும் மீன் சாப்பிடுகிறார்கள் என்று நாம் நினைத்துக் கொள்கிறோம்.

இது ஒரு குப்பத்தின் கதை மட்டுமல்ல. 2019-21 தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயது வரையுள்ள பெண்களில் நூற்றுக்கு 53 பேருக்கு ரத்தசோகை. இந்தியா முழுவதும் எடுத்தால் 57 பேர். பக்கத்து வீட்டுக்காரிக்கு இல்லையென்றால் உங்களுக்கு இருக்கிறது என்று வைத்துக் கொள்ளலாம். கணக்கு அப்படித்தான் சொல்கிறது. பிரசவ நேரத்தில் ரத்தம் கொஞ்சம் கூடுதலாகப் போனாலும் சோகை உள்ள உடம்பு தாங்காது. குழந்தையும் எடை குறைந்து பிறக்கலாம்.

கீரைக்கு ஒரு துணை வேண்டும்

"கீரையில் இரும்புச் சத்து இருக்கிறது, சாப்பிடுங்கள்" என்று எல்லாரும் சொல்லி விடுகிறார்கள். பாதிதான் சொல்கிறார்கள். கீரையில் உள்ள இரும்பு உடம்பில் சுலபமாக ஒட்டாது. சாப்பிட்டதில் சிறு பங்குதான் ரத்தத்துக்குப் போகும், மீதி அப்படியே வெளியேறி விடும். அந்தப் பங்கைக் கூட்டுவதற்கு இரண்டு துணைகள் உண்டு. ஒன்று மீன், இறைச்சி போன்ற புலால் உணவு. அதைக் கீரையோடு ஒரே வேளையில் சாப்பிட்டால் கீரையின் இரும்பும் கூடுதலாக உடம்பில் சேரும். இரண்டாவது எலுமிச்சை, நெல்லிக்காய் போன்றவற்றில் உள்ள வைட்டமின் சி. இதற்கு நேர் எதிரி ஒன்று இருக்கிறது, அதுதான் டீ. சாப்பிட்ட கையோடு டீ குடித்தால் அதிலுள்ள துவர்ப்புச் சத்து இரும்பைப் பிடித்துக் கொள்ளும். காப்பியும் அப்படித்தான். டீயை விடச் சொல்லவில்லை, அது நடக்காது. சாப்பாட்டுக்கும் டீக்கும் நடுவே ஒரு மணி நேரம் விடுங்கள், போதும்.

இனி சட்டியைப் பாருங்கள். முருங்கைக்கீரை ஒரு பக்கம், காய்ந்த கூனி இறால் ஒரு பக்கம், இறக்கியதும் எலுமிச்சம்பழம். நம் கிழவிகள் ஆடிக் கூழுக்குப் பக்கத்தில் கீரையையும் கருவாட்டையும் சேர்த்து வைத்ததற்கு என்ன காரணமோ தெரியாது, ஆனால் வைத்தது சரியான ஜோடி. சென்னாக்கூனி என்று சந்தையில் விற்கிறார்களே, அந்தப் பொடி இறால் விலை உயர்ந்த சரக்கு அல்ல. பாடு இல்லாத நாளிலும் டப்பாவில் இருக்கும். தோலோடு அப்படியே சாப்பிடுவதால் அதில் சுண்ணாம்புச் சத்தும் கிடைக்கிறது. முருங்கைக்கீரையிலோ 100 கிராமில் 300 மில்லிகிராமுக்கு மேல் சுண்ணாம்புச் சத்து உண்டு. கண்ணுக்கு வேண்டிய வைட்டமின் ஏ-யாக உடம்பில் மாறுகிற கரோட்டீனும் அதில் ஏராளம். அந்தக் கரோட்டீன் உடம்பில் சேர எண்ணெய் வேண்டும், அதனால்தான் வெறுமனே வேக வைத்துப் பிழியாமல் எண்ணெய் விட்டுத் துவட்டச் சொல்கிறேன்.

துவட்டும் முறை

நாலு பேருக்குச் சொல்கிறேன். உருவிய இலை கால் கிலோ. அதாவது சோற்றுத் தட்டு நிறைய நன்றாகக் குவித்த அளவு. வெந்தால் ஒரு கிண்ணத்துக்கு அடங்கிவிடும், பயப்படாதீர்கள். கூனி இறால் இரண்டு கைப்பிடி. சின்ன வெங்காயம் பதினைந்து, பூண்டு ஆறு பல், காய்ந்த மிளகாய் ஐந்தாறு, மிளகு அரை ஸ்பூன், மஞ்சள் தூள் ஒரு சிட்டிகை, கடுகு, உளுத்தம்பருப்பு, நல்லெண்ணெய் அல்லது கடலை எண்ணெய் நாலு ஸ்பூன், அரை மூடி எலுமிச்சை.

முருங்கைக்கீரை ஆய்வதற்கு அலுத்துக்கொண்டுதான் பல பேர் அதை விட்டு விடுகிறார்கள். முதல் நாள் இரவு கொத்துகளை ஒரு துணியில் இறுக்கி முடிந்து வையுங்கள். காலையில் எடுத்து உதறினால் இலை தானாகக் கொட்டும். இலை கொஞ்சம் வாடுவதால் வைட்டமின் சி சிறிது குறையும். ஆனால் ஆய அலுத்துக்கொண்டு சமைக்காமலே இருப்பதற்கு இது எவ்வளவோ மேல். நேரமிருந்தால் அன்றன்று பறித்து, கொத்தோடு தண்ணீரில் அலசி உதறிவிட்டு உருவுங்கள். உருவிய இலையைத் தண்ணீரில் ஊறப் போட வேண்டாம். சத்து தண்ணீரோடு போய்விடும். முற்றிய இலை கசக்கும், கொழுந்தும் நடு இலையுமே துவட்டலுக்கு ஏற்றவை.

கூனியில் மணல் இருக்கும். வெறும் சட்டியில் இரண்டு நிமிஷம் வறுத்து, ஆறியதும் முறத்தில் புடைத்து மீசையையும் தூசியையும் போக்குங்கள். பிறகு வெதுவெதுப்பான தண்ணீரில் இரண்டு மூன்று தடவை அலசிப் பிழிந்தால் மணலும் போகும், உப்பும் குறையும். இந்த வேலையில் அவசரப்பட்டால் பல்லில் நறநறவென்று மணல் கடிபடும். அப்புறம் வீட்டில் ஒருவரும் அதைத் தொட மாட்டார்கள், பழி கீரை மேல் விழும்.

இரும்புச் சட்டி இருந்தால் எடுங்கள். மூன்று ஸ்பூன் எண்ணெயில் கடுகு, உளுத்தம்பருப்பு தாளித்து, நறுக்கிய வெங்காயத்தை வதக்கி, மஞ்சள் தூளும் கூனியும் போட்டு வாசனை வரும் வரை பிரட்டுங்கள். இலையைப் போட்டு, கை நிறையத் தண்ணீர் தெளித்துக் கிளறி விடுங்கள். ஐந்து முதல் ஏழு நிமிஷம். பச்சை மாறாமல் இருக்க ஆப்பசோடா போடுகிற வழக்கம் சில இடங்களில் உண்டு. அது வேண்டவே வேண்டாம், வைட்டமின்களை அது கெடுத்து விடும். உப்பையும் இப்போது போடாதீர்கள். கூனியிலேயே உப்பு இருக்கிறது. கடைசியில் வாயில் போட்டுப் பார்த்து, தேவையானால் மட்டும் போடலாம்.

காரம் எங்கே என்கிறீர்களா? அதைத் தனியாக வைத்திருக்கிறேன். மிளகாய், மிளகு, பூண்டு மூன்றையும் அம்மியில் கரகரப்பாகத் தட்டிக் கொள்ளுங்கள். கீரை வெந்ததும் சின்னப் பிள்ளைகளுக்கு வேண்டியதை முதலில் ஒரு கிண்ணத்தில் எடுத்து வைத்து விடுங்கள். பிறகு மீதி ஒரு ஸ்பூன் எண்ணெயைத் தாளிப்புக் கரண்டியில் காயவைத்து, தட்டிய காரத்தைப் போட்டுப் பூண்டு சிவந்ததும் கீரை மேல் கொட்டி ஒரு கிளறு கிளறி இறக்குங்கள். பெரியவர்களுக்குச் சுள்ளென்று இருக்கும், பிள்ளையும் காரம் என்று அழாது. எலுமிச்சையை மட்டும் அடுப்பில் இருக்கும்போது பிழியாதீர்கள். சூட்டில் வைட்டமின் சி குறைந்து போகும். சட்டியை இறக்கிச் சூடு தணிந்த பிறகு பிழியுங்கள்.

இறால் ஒத்துக்கொள்ளாமல் உடம்பு தடித்து அரிப்பவர்கள் கூனியைத் தொடக்கூடாது. அவர்களும் புலால் சாப்பிடாத நாளில் மற்றவர்களும் வறுத்த வேர்க்கடலைப் பொடியைத் தூவிக் கொள்ளலாம். எலுமிச்சை இருக்கிறவரை கீரையின் இரும்புக்கு ஒரு துணை இருக்கத்தான் செய்கிறது.

ஏரிக்கரைக்காரர்களுக்கு இன்னொன்று. உப்பு மண்ணில் தானாக முளைக்கிற உமரிக்கீரையையும் இதே பக்குவத்தில் செய்யலாம். அதை மட்டும் நிறையத் தண்ணீரில் வேக வைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிப் பிழிந்த பிறகே தாளிக்க வேண்டும். முருங்கைக்குச் சொன்னதற்கு நேர் மாறாக இருக்கிறதே என்று எண்ண வேண்டாம். உமரி மண்ணின் உப்பைத் தன் இலையிலேயே சேர்த்து வைத்திருக்கிறது. எவ்வளவு பிழிந்தாலும் மிச்சம் இருக்கும். ரத்தக் கொதிப்பு உள்ளவர்களுக்கு அது ஆகாது.

ஒன்றைத் தெளிவாகச் சொல்லி விடுகிறேன். ரத்தம் மிகவும் குறைந்த பிறகு கீரை மட்டும் அதை ஈடு கட்டாது. ஹீமோகுளோபின் 12-க்குக் கீழே போனால் பெண்களுக்குச் சோகை என்று அர்த்தம், கர்ப்பிணிகளுக்கு 11. ஆரம்ப சுகாதார நிலையத்தில் சோதித்துக்கொண்டு, கொடுக்கிற இரும்பு மாத்திரையை விடாமல் சாப்பிடுங்கள். மலம் கறுப்பாகப் போகிறதே என்று பயந்து நிறுத்தி விடுகிறவர்கள் அதிகம். அது மாத்திரையின் நிறம்தான். சுண்ணாம்புச் சத்து மாத்திரையையும் இதையும் ஒரே நேரத்தில் விழுங்காதீர்கள், ஒன்று காலை, ஒன்று இரவு என்று வைத்துக் கொள்ளுங்கள். மணலில் செருப்பில்லாமல் நடப்பவர்களுக்குக் காலின் வழியாகக் கொக்கிப்புழு ஏறும். அது குடலில் உட்கார்ந்து ரத்தத்தைக் குடிக்கும்போது எந்தக் கீரையும் பலிக்காது. பூச்சி மருந்தையும் கேட்டு வாங்குங்கள்.

கோட்டைக்குப்பத்துத் தாயிடம் வீட்டில் முருங்கை உண்டா என்று கேட்டேன். "உப்புக் காத்துல எங்கேம்மா வரும்?" என்றார். நாலு வீடு தள்ளி ஒரு மரம் நின்றது! முருங்கைக்கு மணல் பிடிக்கும், தேங்கும் தண்ணீர்தான் பிடிக்காது. தண்ணீர் நிற்காத மேட்டில் ஓர் அடி ஆழம் தோண்டி, மக்கிய எருவும் மணலும் கலந்து, கட்டைவிரலை விடப் பருமனான மூன்றடிப் போத்தை நட்டு விடுங்கள். அரிசி களைந்த தண்ணீரை ஊற்றலாம். மீன் கழுவிய உப்புத் தண்ணீர் வேண்டாம். விதையாகப் போடுவதானால் பெரியகுளம் தோட்டக்கலைக் கல்லூரி வெளியிட்ட பி.கே.எம்.1 செடிமுருங்கை இருக்கிறது. மரத்தை உயர விடாதீர்கள். இடுப்பளவு வந்ததும் நுனியைக் கிள்ளினால் பக்கக் கிளை விட்டுக் கைக்கு எட்டுகிற உயரத்தில் கீரை கிடைக்கும். கடற்காற்றுக்கும் கிளை ஒடியாது.

மழைக்காலத்தில் அடிமரத்தில் கம்பளிப்பூச்சி கூட்டமாக அப்பிக்கொள்ளும். அந்தச் சமயம் மரத்தில் கை வைக்காதீர்கள், தோல் தடித்துவிடும். பூச்சி மருந்து தெளித்தால் மருந்து டப்பாவில் சொல்லியிருக்கிற நாள் கழியும் வரை கீரை பறிக்கக் கூடாது. அதற்கு முன்னாலேயே, இலை நன்றாக இருக்கும்போது, நிழலில் மூன்று நாலு நாள் காய வைத்துப் பொடித்து டப்பாவில் போட்டு வைத்தால் குழம்பில் ஆளுக்கு ஒரு ஸ்பூன் கலக்கலாம். ஓலைப் பெட்டியில் வைக்காதீர்கள், மழை ஈரம் ஏறிவிடும். கூனிக்கும் அதே டப்பாதான், ஆனால் வேறு டப்பா!