பணத்தைக் கட்டு, பிறகு வாதாடு!
கடன் வழக்கில் இப்படியும் ஒரு சட்டம்

வியாபாரத்தில் கடன் பாக்கி. கொடுத்தவர் கோர்ட்டுக்குப் போய்விட்டார். "என் பக்கத்து நியாயத்தையும் கேளுங்க" என்கிறார், வாங்கியவர். "கேட்கிறோம். முதலில் பணத்தைக் கட்டு" என்கிறது கோர்ட்டு!

என்னய்யா இது அநியாயம் என்று கேட்கத் தோன்றும். ஆனால் சட்டத்திலேயே இதற்கு இடம் இருக்கிறது. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 37-வது கட்டளைதான் அது.

10 நாள் கெடு

செக், உண்டியல், புரோநோட்டு, எழுத்து மூலமான ஒப்பந்தம் ஆகியவற்றை வைத்து, குறிப்பிட்ட தொகை கேட்டு இந்தச் சுருக்க வழக்கைப் போடலாம். கடன்காரர் வாய்தா மேல் வாய்தா வாங்கி வருஷக்கணக்கில் இழுத்தடிக்கக் கூடாது என்பதற்காகவே இந்த ஏற்பாடு.

மற்ற வழக்குகளில் பதில் மனு போட்டு வாதாடுவது பிரதிவாதியின் உரிமை. இதில் அதற்கும் அனுமதி வாங்க வேண்டும்.

சம்மன் வந்த 10 நாளில் ஆஜராக வேண்டும். அடுத்து, தீர்ப்பு கேட்டு வாதி ஒரு சம்மன் அனுப்புவார். அது கிடைத்த 10 நாளில், "வாதாட அனுமதி வேண்டும்" என்று காரணங்களுடன் பிரமாண பத்திரம் தாக்கல் செய்ய வேண்டும்.

கெடு தப்பினால் பணத்துக்கு டிக்ரி ஆகிவிடும். தகுந்த காரணம் காட்டினால் மட்டுமே கோர்ட்டு தாமதத்தை மன்னிக்கலாம்.

நீதிபதி என்ன பார்ப்பார்?

எதிர்வாதம் வலுவாக இருந்தால் நிபந்தனை இல்லாமல் அனுமதி. விசாரிக்க விஷயம் இருக்கிறது, ஆனால் நாணயத்தில் சந்தேகம் என்றால் டெபாசிட் அல்லது ஜாமீன் கேட்கலாம்.

சொல்லும் கதை நடந்திருக்கலாம், ஆனால் நம்பும்படி இல்லை என்றால் முழுத் தொகையையும் வட்டியோடு கட்டச் சொல்லலாம். வெறும் சாக்கு என்றால் அனுமதியே கிடையாது.

பாக்கியில் ஒரு பகுதியை ஒப்புக்கொண்டால், அந்தப் பகுதியைக் கட்டினால்தான் அனுமதி.

கட்டும் பணம் கோர்ட்டில் இருக்கும். ஜெயித்தால் திரும்ப வரும். நிபந்தனைப்படி கட்டாவிட்டால் உடனே தீர்ப்பு கேட்க வாதிக்கு உரிமை உண்டு.

418 கோடி!

பெரிய கம்பெனிகளுக்கும் இதே கதைதான். கடன் பத்திரங்களுக்கு ஜாமீன் நின்ற மும்பை ஹப்டவுன் கம்பெனி மீது ஐ.டி.பி.ஐ. டிரஸ்டீஷிப் வழக்குப் போட்டது. பணம் போட்டது ஹாலந்து நாட்டு நிறுவனம். அன்னிய முதலீட்டு விதியை மீறி வந்த பணம் என்பது ஹப்டவுன் வாதம்.

பம்பாய் ஐகோர்ட்டு நிபந்தனை இல்லாமல் அனுமதி கொடுத்தது. சுப்ரீம் கோர்ட்டு 2016 நவம்பரில் அதை மாற்றியது. அசல் தொகை ரூ.418 கோடியை 3 மாதத்தில் கோர்ட்டில் கட்டு, அல்லது அந்தத் தொகைக்கு ஜாமீன் கொடு, பிறகு வாதாடு என்று உத்தரவிட்டது!

வியாபாரிகளே, உஷார்!

"சரக்கு மட்டம், அதான் பணம் தரலை" என்பது நல்ல வாதம்தான். ஆனால் சரக்கு வந்தபோது வாய் மூடி இருந்துவிட்டு, சம்மன் வந்த பிறகு சொன்னால் யார் நம்புவார்கள்?

சரக்கில் குறை என்றால் அன்றைக்கே கடிதம் போடுங்கள். நகல் வைத்துக்கொள்ளுங்கள். பாதிப் பணம் கொடுத்தால் ரசீது வாங்குங்கள். கடன் தீர்ந்ததும் புரோநோட்டைத் திரும்ப வாங்குங்கள்.

சம்மன் வந்துவிட்டதா? கல்லாப் பெட்டியில் போட்டு மூடாதீர்கள். அன்றைக்கே வக்கீலைப் பாருங்கள். இருப்பது 10 நாள்தான்!