கன்னியாகுமரியின் உச்சிவானில் ஒரு குவாசர்!

ஏப்ரல், மே மாத இரவுகளில் நாகர்கோவிலில் ஏதாவது ஒரு மொட்டைமாடியில் ஏறி அண்ணாந்து பாருங்கள். கன்னி ராசி தலைக்கு மேலே நிற்கும். அங்கே சித்திரை நட்சத்திரத்தை எல்லோருக்கும் தெரியும். அதற்கு வடமேற்கே, வெறுங்கண்ணுக்குச் சிக்காமல் ஒரு புள்ளி இருக்கிறது. பெயர் 3சி 273. அது நட்சத்திரம் இல்லை, ஒரு குவாசர்! நம் ஊர் வழியாகப் போகும்போது கிட்டத்தட்ட உச்சந்தலைக்கு மேலேயே போகிறது. இதைத் தெரிந்துகொண்ட நாளிலிருந்து எனக்கு மாடிக்குப் போனால் கால் தரையில் நிற்பதில்லை.

அப்படி என்ன பெரிய புள்ளி? சூரியனைப் போலக் கோடிக்கணக்கான மடங்கு எடை கொண்ட ஒரு கருந்துளை அங்கே நடுவில் உட்கார்ந்திருக்கிறது. அதைச் சுற்றிச் சுழலும் வாயு உள்ளே விழுவதற்கு முன் உரசி உரசிக் கொதித்துப் பிரகாசிக்கிறது. தொலைவு சுமார் 240 கோடி ஒளியாண்டு. அந்த ஒளி கிளம்பியபோது பூமியில் மீனும் இல்லை, மரமும் இல்லை, நுண்ணுயிர்கள் மட்டும்தான். இந்தக் குவாசரைக் கொண்டுவந்து 33 ஒளியாண்டு தொலைவில் வைத்தால், நம் சூரியன் அளவுக்கு வெளிச்சமாகத் தெரியும்!

சரி, இதை எப்படிப் பிடித்தார்கள்? திரைக்குப் பின்னால் போய்ப் பார்ப்போம், வாருங்கள்.

நிலா செய்த உதவி

1960களின் தொடக்கத்தில் ரேடியோ தொலைநோக்கிகளுக்கு ஒரு பெரிய குறை இருந்தது. ரேடியோ அலை வருகிறது என்று தெரியும்; வானத்தில் துல்லியமாக எந்த இடத்திலிருந்து என்று தெரியாது. சிரில் ஹசார்ட் என்ற வானியலாளர் ஒரு வழி கண்டுபிடித்தார். நிலா ஓடும் பாதை நமக்கு அத்துப்படி. நிலாவின் விளிம்பு ரேடியோ அலை அனுப்பும் பொருளை மறைக்கும் நொடியைக் குறித்துக்கொண்டால் இடம் தெரிந்துவிடும் அல்லவா?

1962 ஆகஸ்ட் 5 அன்று ஆஸ்திரேலியாவின் பார்க்ஸ் தொலைநோக்கி, நிலா 3சி 273ஐ மறைக்கும் நொடிக்காகக் காத்திருந்தது. பொருளோ அடிவானத்தை நெருங்கிவிட்டது. 64 மீட்டர் வட்டில் அவ்வளவு தாழச் சாயாது. பாதுகாப்புக்காக வைத்திருந்த தடைகளைக் கழற்றினார்கள், குறுக்கே நின்ற மரங்களை வெட்டினார்கள், சாய்த்தே விட்டார்கள்! இடம் கிடைத்தது. அடுத்த ஆண்டு வானியலாளர் மார்ட்டன் ஷ்மிட் அதன் நிறமாலையைப் பார்த்தபோது, ஹைட்ரஜன் கோடுகள் 16 சதவீதம் சிவப்புப் பக்கம் நகர்ந்திருந்தன. நட்சத்திரம் என்று நினைத்தது விண்மீன் மண்டலங்களுக்கு நடுவே எங்கோ தொலைவில் எரிந்துகொண்டிருந்தது.

மலைச்சரிவில் ஒரு அதிசயம்

இதே நிலா வித்தையை அன்றாட வேலையாகச் செய்ய ஒரு தொலைநோக்கி கட்டினால்? அப்படிக் கேட்டவர் டாடா அடிப்படை ஆராய்ச்சி நிறுவனத்தின் கோவிந்த் ஸ்வரூப். ஊட்டியின் அட்சரேகை சுமார் 11 பாகை. அதே 11 பாகை சரிவுள்ள மலையைத் தேடி முத்தோரையில் பிடித்தார். அந்தச் சரிவில் தெற்கு வடக்காகக் கிடத்தினால், தொலைநோக்கியின் அச்சு பூமியின் அச்சுக்கு இணையாகிவிடும். பிறகென்ன, கிழக்கிலிருந்து மேற்கே ஒரே ஒரு திருப்பு திருப்பினால் போதும். ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஒரே பொருளைத் துரத்தலாம்!

நெடுக்காகப் பிளந்த மூங்கிலைப் போல 530 மீட்டர் நீளம், 30 மீட்டர் அகலம். 24 இரும்புச் சட்டங்கள் ஒன்றாகத் திரும்பும். மேலே கண்ணாடி கிடையாது, தகடு கிடையாது; மெல்லிய எவர்சில்வர் கம்பிகள் 1,100, அவ்வளவுதான். நடுவே வரிசையாக 1,056 டைபோல் ஆன்டெனாக்கள் அலையை வாங்கிக்கொள்ளும். 1970 பிப்ரவரியில் வேலை தொடங்கியது. நிலா விளிம்பு ஒரு குவாசரை மறைக்கும்போது சிக்னல் சட்டென்று அணைந்துவிடாது. ஏறி இறங்கி நடுங்கி அணையும். அந்த நடுக்கத்தை அளந்தே பொருளின் வடிவத்தையும் அளவையும் கணித்தார்கள். இப்படிச் சுமார் ஆயிரம் பொருள்கள்! பிரபஞ்சம் காலப்போக்கில் மாறிவந்திருக்கிறது, பெருவெடிப்புக் கொள்கை சரி என்பதற்கு ஸ்வரூப்பும் அவருடன் பணியாற்றிய விஜய் கபாஹியும் ஊட்டியிலிருந்தே ஆதாரம் தந்தார்கள்.

நம் மலையின் பங்கு

நாகர்கோவிலிலிருந்து பஸ் ஏறி, ஆரல்வாய்மொழிக் காற்றையும் முப்பந்தல் காற்றாலைகளையும் தாண்டினால் இடது கைப்பக்கம் மகேந்திரகிரி. மாவட்ட எல்லைக்குக் கூப்பிடு தூரத்தில் இஸ்ரோவின் உந்துவிசை வளாகம். பி.எஸ்.எல்.வி. ராக்கெட்டின் திரவ எஞ்சின்கள் பற்றவைத்துச் சோதிக்கப்படும் இடம் அதுதான். 2015 செப்டம்பர் 28 அன்று ஒரு பி.எஸ்.எல்.வி. தூக்கிச் சென்றது ஆஸ்ட்ரோசாட் என்ற விண்வெளித் தொலைநோக்கியை. புற ஊதாக் கதிரையும் எக்ஸ் கதிரையும் ஒரே நேரத்தில் பார்க்கும் அது, எத்தனையோ குவாசர்களை ஆராய்ந்திருக்கிறது. ஊட்டித் தொலைநோக்கியைக் கட்டிய அதே டாடா நிறுவனம் செய்த கருவியும் அதில் இருக்கிறது!

அந்த நாளில் ராக்கெட்டை வடிவமைக்கும் திருவனந்தபுரம் மையத்தின் இயக்குநர் யார்? சரக்கல்விளை அரசுப் பள்ளியில் தமிழில் படித்த கே. சிவன். 2024 புத்தாண்டு அன்று கருந்துளைகளை ஆராய எக்ஸ்போசாட் செயற்கைக்கோள் போனபோது திரவ உந்துவிசை மையத்தின் இயக்குநர்? மேலக்காட்டுவிளை வி. நாராயணன். இருவரும் பின்னர் இஸ்ரோவின் தலைமைப் பொறுப்புக்கு வந்தவர்கள். இரண்டும் நம் குமரி மாவட்டத்து ஊர்கள்!

ஆகவே நம் மாவட்டத்துப் பள்ளிகளுக்கு ஒரு வேண்டுகோள். எட்டு அல்லது பத்து அங்குலத் தொலைநோக்கி ஒன்றும், நல்ல நட்சத்திர வரைபடமும், விளக்கு வெளிச்சம் படாத இடமும் இருந்தால் 3சி 273ஐப் பிள்ளைகள் தங்கள் கண்ணாலேயே பார்க்கலாம். தொலைநோக்கி இல்லையா? வேறொன்றைப் பார்க்கப் பைனாகுலர் போதும். அதே இரவுகளில் தெற்கே கடலுக்கு மேல் சென்டாரஸ் ஏ என்ற விண்மீன் மண்டலம் வரும். அதன் நடுவிலும் விழித்திருக்கும் கருந்துளை உண்டு. டெல்லியில் அது தாழ்வாகவே நிற்கும், நமக்கோ 39 பாகை உயரம் ஏறி நிற்கும். தென்மேற்குப் பருவமழை வருவதற்குள், வரும் கோடை விடுமுறையிலேயே பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போங்கள்.