என்.எஸ்.கே – மதுரம்: வகுப்பறைக்கு வரவேண்டிய சிரிப்பு ஜோடி

உயர்நிலை இரண்டு மாணவர்களிடம் “தமிழ்ப் படத்துல காமெடி ஜோடின்னா யாரு?” என்று கேட்டுப் பாருங்கள். கவுண்டமணி–செந்தில் என்பார்கள். அதுவும் படம் பார்த்து இல்லை, வாட்ஸ்அப் ஸ்டிக்கரில் பார்த்த முகம். அவர்களுக்கு முன்னால் ஒரு ஜோடி இருந்தது, அது கணவன் மனைவி ஜோடி என்றால் நம்ப மாட்டார்கள். கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணனும் டி.ஏ.மதுரமும் நம் பாடத்துக்கு எப்படிப் பயன்படுவார்கள் என்பதுதான் இந்தக் கட்டுரை.

கிருஷ்ணன் 1908இல் நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் பிறந்தவர். வீட்டில் வசதி இல்லை, படிப்பும் சீக்கிரம் நின்றுபோனது. நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்ற பையன், பிறகு அதே மேடையில் ஏறினார். அந்த வட்டாரத்துக்கே உரிய வில்லுப்பாட்டு அவருக்குக் கைவந்த கலை. பள்ளி நிகழ்ச்சிக்காக வில்லுப்பாட்டுப் பழகும் நம் பிள்ளைகளுக்கு இதை அவசியம் சொல்லுங்கள். வில்லுப்பாட்டைச் சென்னை மேடைக்கு எடுத்துச் சென்றவர்களில் முக்கியமானவர் இவர். சுப்பு ஆறுமுகத்தைச் சென்னைக்கு அழைத்து வந்தவரும் இவர்தான்.

மதுரம் திருச்சிக்காரர். 1936இல் ‘வசந்தசேனா’ படப்பிடிப்புக்காகப் புனே போனபோது இருவரும் பழகினார்கள், திருமணமும் செய்துகொண்டார்கள். கிருஷ்ணன் ஏற்கெனவே மணமானவர். மாணவர்கள் இணையத்தில் தேடினால் தெரிந்துவிடும், அதனால் கேட்டால் மழுப்ப வேண்டாம். அதன்பின் நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் இருவரும் சேர்ந்து நடித்தார்கள். ‘அம்பிகாபதி’, ‘சகுந்தலை’, ‘கண்ணகி’, ‘ஹரிதாஸ்’ என்று பட்டியல் நீளும். பல படங்களில் நகைச்சுவைப் பகுதி தனி ஓடையாக ஓடும். அதை அவரே எழுதி, அமைத்துக் கொடுப்பார். அதனால்தான் இன்று அந்தப் பகுதியை மட்டும் வெட்டி எடுத்து வகுப்பில் காட்டினாலும் பிசகாமல் புரிகிறது.

அவர்கள் சிரிப்பில் நான் முக்கியமாக நினைப்பது ஒன்று: மதுரம் வெறும் ‘ஆமாம்’ போடும் மனைவியாக வருவதில்லை. கிருஷ்ணன் ஒரு கேள்வி போட்டால் அவர் இரண்டு போடுவார். பல இடங்களில் கடைசி வார்த்தை அவருடையது. 1940களில், மனைவி கணவனை எதிர்த்துப் பேசி, அதுக்கு ஊரே கைதட்டியது சின்ன விஷயமா?

படத்துக்கு வெளியேயும் அவர் அப்படித்தான். 1944 நவம்பரில் சென்னை வேப்பேரியில் மஞ்சள் பத்திரிகை நடத்திய லட்சுமிகாந்தன் கத்தியால் குத்தப்பட்டு இறந்தார். அந்த வழக்கில் தியாகராஜ பாகவதரும் கிருஷ்ணனும் கைதானார்கள். 1945இல் ஆயுள் தண்டனை. மேல்முறையீடு சென்னையில் தோற்று, லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. 1947 ஏப்ரலில்தான் இருவரும் குற்றமற்றவர்கள் என்று விடுதலையானார்கள். அந்த இரண்டு ஆண்டுக்கு மேற்பட்ட காலமும் வழக்குச் செலவு, குடும்பம் எல்லாவற்றையும் சுமந்தவர் மதுரம். எஸ்.வி.சகஸ்ரநாமம் துணையோடு நாடகக் குழுவையும் நிற்க விடாமல் நடத்தினார். வெளியே வந்த கிருஷ்ணனுக்குப் பழைய இடம் அப்படியே காத்திருந்தது. ஜெமினியின் ‘சந்திரலேகா’வில் (1948) இந்த ஜோடிக்காகவே காட்சிகள் சேர்த்தார்கள். பாகவதருக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. ‘ஏன் அப்படி?’ என்று உயர்நிலை நான்கில் கேளுங்கள், நல்ல விவாதம் கிடைக்கும்.

வகுப்புக்கு ஒரே ஒரு பகுதி தேர்ந்தெடுக்கச் சொன்னால் நான் ‘நல்லதம்பி’ (1949) படத்தின் ‘கிந்தனார்’ கதாகாலட்சேபத்தைத்தான் சொல்வேன். அண்ணாதுரை வசனம் எழுதிய படம். நந்தனார் கதையைத் திருப்பிப் போட்டிருக்கிறார்கள். நந்தன் போக ஆசைப்பட்டது கோயிலுக்கு, கிந்தன் ஆசைப்பட்டது படிப்புக்கு. ஊர்ப் பள்ளியில் அடிபட்ட பையன் ரயிலேறிப் பட்டணம் போய்ப் படித்து, கல்வி அதிகாரியாக அதே ஊருக்குத் திரும்புகிறான். அந்த ரயில் பெட்டியில் எல்லாச் சாதிக்காரர்களும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார வேண்டியிருப்பதை அவர் கிண்டல் செய்வார். எம்ஆர்டியில் யார் பக்கத்தில் யார் என்று யோசிக்காமலே உட்காரும் நம் பிள்ளைகளுக்கு அது ஏன் நகைச்சுவை என்று முதலில் பிடிபடாது. சாதி பற்றிச் சில வரி விளக்கிவிட்டுக் காட்டுங்கள். அந்தச் சீர்திருத்தக் காற்று இங்கேயும் வீசியதுதான். கோ.சாரங்கபாணி 1935இல் ‘தமிழ் முரசு’ தொடங்கியது அதே எண்ணங்களோடுதான். மெக்கன்சி சாலை ரெக்ஸ் திரையரங்கு 1946இல் திறந்தது என்பதையும் சொன்னால், தேக்காவில் நடந்து போகும்போது காலம் கொஞ்சம் கண்ணுக்குத் தெரியும்.

இன்னொரு தற்செயல் பொருத்தம். லாரல்–ஹார்டி ஜோடியின் குண்டு மனிதர் ஆலிவர் ஹார்டி இறந்தது 1957 ஆகஸ்ட் 7. கிருஷ்ணன் இறந்தது அதே மாதம் 30ஆம் தேதி. மதுரம் 1974 வரை இருந்தார்.

அப்போ கவுண்டமணி–செந்தில் வேண்டாமா? வேணும்! ‘கரகாட்டக்காரன்’ (1989) வாழைப்பழக் காட்சி முழுக்க முழுக்க ‘ஒண்ணு’, ‘இன்னொண்ணு’, ‘அது’, ‘இது’ என்ற சொற்களில் நிற்கிறது. இரண்டு பழம் வாங்கப் போனவர் ஒன்றைச் சாப்பிட்டுவிட்டு, மிச்சத்தைக் காட்டி அதுதான் அந்த இன்னொன்று என்று சாதிக்கிறார். சுட்டுச்சொல்லுக்கு இதைவிடக் கலகலப்பான பாடம் எனக்குக் கிடைக்கவில்லை. பேச்சுத்தமிழும் சுத்தமாகக் காதில் விழும். ஆனால் அந்த ஜோடியில் உதையும், நிறத்தையும் உடம்பையும் சொல்லித் திட்டுவதும் நிறைய. வகுப்பில் அப்படிக் கேலிக்கு ஆளாகும் ஒரு பிள்ளை உட்கார்ந்திருக்கும். அதனால் முழுப்படத்தை ஓடவிடாமல் துண்டைத் தேர்ந்தெடுத்துக் காட்டுங்கள்.

வாய்மொழித் தேர்வுப் பயிற்சிக்கு இப்படிச் செய்யலாம்: கிருஷ்ணன்–மதுரம் காட்சி ஒன்றை ஒலி இல்லாமல் காட்டுங்கள். இருவர் இருவராக உட்கார்ந்து தாங்களே வசனம் பேசட்டும், மதுரத்துக்குத்தான் கடைசி வார்த்தை என்ற ஒரே விதியோடு. பிறகு ஒலியோடு போடுங்கள். ‘ராஜா ராணி’யில் (1956) அவர் விதவிதமாகச் சிரித்துக் காட்டும் பாட்டையும் சேர்த்துக்கொண்டால், புன்னகை, குறுநகை, ஏளனச் சிரிப்பு, அசட்டுச் சிரிப்பு எல்லாவற்றுக்கும் ஆளுக்கொரு வாக்கியம் எழுதச் சொல்லலாம்.