ஒரு விளையாட்டு வீடு மாறுகிறது

மாணவர்களே, வீட்டில் கணிப்பொறி இருந்தால் ஒரு சிறு சோதனை செய்து பாருங்கள். பத்துப் பன்னிரண்டு சினிமாப் படங்கள் உள்ள ஒரு ஃபோல்டரை ‘டி’ டிரைவுக்குள்ளேயே ஓரிடத்திலிருந்து இன்னோர் இடத்துக்கு நகர்த்துங்கள். கண்ணை மூடித் திறப்பதற்குள் வேலை முடிந்துவிடும். அதே ஃபோல்டரை இப்போது ‘சி’ டிரைவுக்கு நகர்த்துங்கள். பச்சைக் கோடு ஒன்று ஊர்ந்து ஊர்ந்து செல்லும். நீங்கள் கடைக்குப் போய் வந்துவிடலாம்.

நகர்த்திய பொருள் ஒன்றே. அப்படியிருக்க, இந்த வேறுபாடு எதனால்?

வேலூர், ஆம்பூர், வாணியம்பாடிப் பக்கத்து மாணவர்களுக்கு இதை விளக்குவது எளிது. தோல் மண்டியைப் பார்த்திருப்பீர்கள். உள்ளே அடுக்கடுக்காகத் தோல்கள். வாசலில் மேசை, மேசைமேல் ஒரு பேரேடு. எந்த அடுக்கு யாருடையது, எந்த மூலையில் இருக்கிறது என்பதெல்லாம் அந்தப் பேரேட்டில் இருக்கும். அடுக்கின் உரிமையாளர் மாறினால் தோலை யாரும் தொடுவதில்லை. பேரேட்டில் ஒரு வரி மாறும், அவ்வளவுதான். ஆனால் சரக்கு வேறு கிடங்குக்குப் போக வேண்டுமென்றால் ஒவ்வொரு தோலையும் தூக்கி லாரியில் ஏற்றி, அங்கே இறக்கி அடுக்கியாக வேண்டும்.

கணிப்பொறியின் ஒவ்வொரு டிரைவும் ஒரு கிடங்கு. ஒவ்வொன்றுக்கும் தனிப் பேரேடு உண்டு. ஒரே டிரைவுக்குள் நகர்த்தினால் பேரேட்டில் வரி மாறுகிறது. வேறு டிரைவுக்கு நகர்த்தினால் சரக்கே போக வேண்டும். உண்மையில் சரக்கும் போவதில்லை. அங்கே புதிதாக ஒரு படி எழுதப்படுகிறது. பிறகு இங்குள்ள பேரேட்டில் பழைய வரி அடிக்கப்படுகிறது. ‘நகர்த்துதல்’ என்று நாம் சொல்வது, நகல் எடுத்து மூலத்தை மறப்பதுதான்.

சுழலும் தட்டின் கணக்கு

இன்றைய பெரிய விளையாட்டுகள் பேராசைக்காரர்கள். 2019-இல் கணிப்பொறிக்கு வந்த ‘ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2’ என்ற விளையாட்டு 150 ஜிகாபைட் இடம் கேட்கிறது. 1956-இல் ஐ.பி.எம். நிறுவனம் வெளியிட்ட முதல் ஹார்டு டிஸ்க், ஒரு டன் அளவு எடையும் ஐம்பது தட்டுகளும் கொண்ட பெரிய அலமாரி. அதில் அடங்கியவை 50 இலட்சம் எழுத்துகள் மட்டுமே. இந்த ஒரு விளையாட்டை வைக்க அத்தகைய அலமாரிகள் முப்பதாயிரம் போல வேண்டியிருக்கும்!

ஹார்டு டிஸ்கின் உள்ளே காந்தப் பூச்சுள்ள தட்டு நிமிடத்துக்கு 7,200 முறை சுழல்கிறது. அதாவது வினாடிக்கு 120 சுற்று. தட்டின் விட்டம் 95 மில்லிமீட்டர் என்று வைத்துக் கொண்டால் சுற்றளவு சுமார் 0.3 மீட்டர். எனவே விளிம்பின் வேகம் வினாடிக்கு 36 மீட்டர், மணிக்கு ஏறத்தாழ 130 கிலோமீட்டர். நல்ல விரைவு ரயிலின் வேகம்! அந்த வேகத்தில் ஓடும் பரப்புக்குச் சில நானோமீட்டர் உயரத்தில் படிக்கும் முனை மிதக்கிறது. ஓடிக் கொண்டிருக்கும் டிஸ்கைத் தட்டக் கூடாது, தூக்கக் கூடாது என்பது இதனால்தான். இவ்வளவு நுண்ணிய காந்தப் புள்ளிகளைப் படிக்க உதவிய விளைவை ஆல்பர்ட் ஃபெர்ட், பீட்டர் குருன்பெர்க் ஆகிய இருவரும் 1988-இல் தனித்தனியே கண்டறிந்தனர். 2007-ஆம் ஆண்டின் இயற்பியல் நோபல் பரிசு அதற்குக் கிடைத்தது.

இனிக் கணக்குக்கு வருவோம். முனை தேவையான தடத்துக்குப் போய்ச் சேரச் சராசரியாக 9 மில்லி வினாடி ஆகும். போய்ச் சேர்ந்த பிறகு, வேண்டிய இடம் சுழன்று வரும்வரை காத்திருக்க வேண்டும். ஒரு சுற்றுக்கு 8.3 மில்லி வினாடி. சராசரிக் காத்திருப்பு அதில் பாதி, அதாவது 4 மில்லி வினாடிக்குச் சற்று மேல். ஆக, ஒரு ஃபைலைத் தொடுவதற்கே 13 மில்லி வினாடி. விளையாட்டில் 40,000 சிறு ஃபைல்கள் இருந்தால், தேடுவதற்கு மட்டும் 520 வினாடி, கிட்டத்தட்ட ஒன்பது நிமிடம் போய்விடும். அதுவரை ஓர் எழுத்துகூடப் படியெடுக்கப்படவில்லை என்பதைக் கவனியுங்கள். தோல் முழுவதையும் ஒரே லாரியில் ஏற்றுவதற்கும், சைக்கிளில் ஒவ்வொன்றாகக் கொண்டுபோவதற்கும் உள்ள வேறுபாடு இது.

படியெடுக்கும் வேகம் தனி. ஹார்டு டிஸ்க் வினாடிக்குச் சுமார் 150 மெகாபைட் தரும் என்றால் 100 ஜிகாபைட்டுக்கு 11 நிமிடம். பழைய யு.எஸ்.பி. 2.0 வழியே வினாடிக்கு 35 மெகாபைட்தான் வரும் என்றால் 48 நிமிடம். இரண்டு பக்கங்களில் எது மெதுவானதோ அதுவே வேகத்தை முடிவு செய்யும்.

பலர் ஏமாறும் இடம் ஒன்று உண்டு. ‘சி’, ‘டி’ என்று இரண்டு பெயர்கள் இருப்பதால் இரண்டு டிஸ்குகள் இருப்பதாக நினைத்துவிடாதீர்கள். பல கணிப்பொறிகளில் ஒரே தட்டைத்தான் கோடு போட்டு இரண்டாகப் பிரித்திருப்பார்கள். அப்போது ஒரே முனை இங்கே படித்து, அங்கே ஓடி எழுதி, மறுபடி இங்கே வர வேண்டும். வேகம் பாதிக்கும் கீழே இறங்கிவிடும். இவ்வளவு பாடுபட்டு மாற்றினாலும் விளையாட்டு முன்பைவிட வேகமாகத் திறக்கப் போவதில்லை.

சுழலாத கிடங்கு

எஸ்.எஸ்.டி. என்பதில் சுழல்வது எதுவுமில்லை. தோஷிபா நிறுவனத்தில் ஃபூஜியோ மசுவோகா 1980-களில் உருவாக்கிய ஃபிளாஷ் நினைவகமே அதன் உள்ளடக்கம். காப்புப் படலத்தால் சூழப்பட்ட நுண் தீவு ஒன்றில் எலெக்ட்ரான்களைச் சிறைவைப்பதுதான் எழுதும் முறை. சுவரைத் தாண்ட ஆற்றல் போதாத எலெக்ட்ரான், குவாண்டம் விதிப்படி சுவரை ஊடுருவிச் செல்கிறது! பன்னிரண்டாம் வகுப்பு இயற்பியலில் கதிரியக்க ஆல்ஃபா துகளுக்கு நீங்கள் படிக்கும் அதே ஊடுருவல்தான். தேடும் நேரம் ஏறத்தாழ 0.1 மில்லி வினாடி. நம் 40,000 ஃபைல்களுக்கு ஒன்பது நிமிடம் எங்கே, நான்கு வினாடி எங்கே!

ஹார்டு டிஸ்கின் தேடும் நேரத்தைத் தவிர்க்க விளையாட்டு செய்பவர்கள் ஒரு தந்திரம் செய்து வந்தனர். ஒரே படத்தைத் தட்டில் பல இடங்களில் எழுதிவிடுவது. 2018-இல் வந்த ‘ஸ்பைடர்மேன்’ விளையாட்டில், தெருவோரத் தபால்பெட்டி போன்ற சில பொருள்கள் ஹார்டு டிஸ்கில் 400 முறைவரை எழுதப்பட்டிருந்தன என்று பிளேஸ்டேஷன் 5-இன் வடிவமைப்பாளர் மார்க் செர்னி 2020-இல் விளக்கினார். சுவீடன் நாட்டு ‘ஹெல்டைவர்ஸ் 2’ விளையாட்டின் கதை இன்னும் வேடிக்கை. 2025 டிசம்பரில் இந்த இரட்டைப் படிகளை நீக்கிப் பார்த்தார்கள். 154 ஜிகாபைட் வெறும் 23 ஆகச் சுருங்கியது. ஹார்டு டிஸ்கில் திறக்கும் நேரம் சில வினாடிகளே கூடியது. அளந்து பார்க்காமல் அஞ்சியதற்கு இவ்வளவு இடம்! என் மாணவர்களுக்கு அளவீட்டின் அருமையைச் சொல்ல இதைவிட நல்ல எடுத்துக்காட்டு கிடைக்கவில்லை.

முகவரி தெரியாத வீடு

படத்தைப் போல விளையாட்டை வெட்டி ஒட்டினால் பல வேளைகளில் அது ஓடாது. நிறுவும்போது விண்டோஸ் தன் ரெஜிஸ்ட்ரி என்ற பதிவேட்டில் அதன் முகவரியை எழுதிக் கொள்கிறது. வீடு மாறியதைச் சொல்லாவிட்டால் தபால்காரர் பழைய வாசலில்தான் நிற்பார். ஆகவே ஸ்டீம் போன்ற விளையாட்டுக் கடைகளில் உள்ள இடமாற்றக் கட்டளையைப் பயன்படுத்துங்கள். முகவரியும் சேர்ந்து மாறும். இன்னொரு வழி, பழைய இடத்தில் ‘ஜங்ஷன்’ என்ற கைகாட்டியை வைப்பது. தேடி வருவோரை அது புதிய இடத்துக்கு அனுப்பிவிடும்.

நீங்கள் பல மாதம் விளையாடிச் சேமித்த கட்டங்கள் பெரும்பாலும் விளையாட்டின் ஃபோல்டரில் இருப்பதில்லை. அவை ‘டாக்குமென்ட்ஸ்’, ‘ஆப்டேட்டா’ போன்ற இடங்களில் இருக்கும். பழைய டிஸ்கை அழிக்கும் முன் அவற்றைத் தேடிப் பிடியுங்கள். அதே டிஸ்கில்தான் அக்காவின் கல்லூரி ப்ராஜெக்டும் வீட்டுத் திருமணப் புகைப்படங்களும் இருக்கும் என்பதையும் மறக்க வேண்டாம்.

பாதி வழியில் மின்சாரம் நின்றால்? கோடையில் நம் பக்கம் இது புதிதல்ல. இன்வெர்ட்டர் இருந்தாலும், அது மாறும் அந்த நொடியில் சில கணிப்பொறிகள் அணைந்துவிடும். எழுதியாகிவிட்டது என்று திரை காட்டும் பகுதி, உண்மையில் தற்காலிக நினைவகத்திலேயே நின்றிருக்கலாம். எனவே முக்கியமானவற்றை வெட்டி ஒட்டாதீர்கள். படியெடுங்கள், சரிபாருங்கள், பிறகு மூலத்தை நீக்குங்கள்.

சரிபார்ப்பது எப்படி? பதனிட்ட தோலின் பின்புறம் அதன் சதுர அடி குறிக்கப்பட்டிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். 6, 5, 7 சதுர அடியில் மூன்று தோல்கள் என்றால் கூட்டுத்தொகை 18. போய்ச் சேர்ந்த இடத்திலும் 18 வந்தால் சரி. ஆனால் முதலிரண்டும் இடம் மாறி 5, 6, 7 என்று அடுக்கப்பட்டாலும் 18தான் வரும். வரிசை எண்ணால் பெருக்கிக் கூட்டுங்கள். முதலில் 6 + 10 + 21 = 37. இடம் மாறினால் 5 + 12 + 21 = 38. பிழை அகப்பட்டுவிட்டது! ஸ்டீமில் ஃபைல்களைச் சரிபார்க்கும் கட்டளை இதே கருத்தின் மிக விரிந்த வடிவம்.

நீக்கிய பிறகும் ஹார்டு டிஸ்கில் பழைய சரக்கு அப்படியே கிடக்கும். அடிபட்டது பேரேட்டின் வரி மட்டுமே. மேலே வேறொன்று எழுதப்படும்வரை மீட்கலாம். எஸ்.எஸ்.டி.யில் இந்த வாய்ப்பு குறைவு. நீக்கிய பகுதிகளை அது தானே துடைத்துக் கொள்ளும். பழைய ஹார்டு டிஸ்கைச் சென்னை ரிச்சி தெருவில் விற்க எண்ணினால் வாங்குபவரும் உங்கள் வீட்டுப் புகைப்படங்களை மீட்க முடியும். ஆகவே அவசர ஃபார்மட் போதாது. தட்டு முழுவதும் சுழி எழுதும் முழு ஃபார்மட் செய்யுங்கள். ஒரு டெராபைட் தட்டுக்கு, வினாடிக்கு 150 மெகாபைட் வீதம், ஏறத்தாழ இரண்டு மணி நேரம் ஆகும்.