ஜப்பானின் பொதுக் குளியலகங்கள்

ஜப்பானில் காசு கொடுத்துக் குளிக்கும் பொதுக் குளியலகத்துக்கு 'செந்தோ' என்று பெயர். இதன் தொடக்கம் பௌத்த மடங்களில். நாரா நகரின் தோதாய்ஜி போன்ற பெரிய கோயில்களில் வெந்நீர்க் கூடங்கள் இருந்தன. ஏழைகளையும் நோயாளிகளையும் அங்கே குளிக்கவைப்பது புண்ணியமாகக் கருதப்பட்டது.

குளியல் பெரும் தொழிலாக வளர்ந்தது இன்றைய டோக்கியோவான எடோவில். போர்த்தலைவர் தொகுகாவா இயேயாசு 1590இல் அங்கே வந்து கோட்டையையும் நகரையும் கட்டத் தொடங்கியதும் வேலையாட்கள் குவிந்தனர். மறு ஆண்டே அங்கு ஒரு நீராவிக் குளியலகம் திறக்கப்பட்டது. மரவீடுகள் நெருங்கி நின்ற அந்நகரில் வீட்டுக்கு வீடு அடுப்பு மூட்டி நீர் காய்ச்சினால் தீ பரவும் அபாயம் இருந்தது. விறகும் விலை அதிகம். அதனால் வசதி படைத்தவர்களில் பலரும் தெருக் குளியலகத்துக்கே போனார்கள்.

சூடு வெளியேறாமல் இருக்கத் தொட்டியறையின் வாசலை மரத்தடுப்பால் தாழ்த்தியிருந்தார்கள். குனிந்துதான் நுழைய முடியும். உள்ளே இருட்டும் ஆவியும். ஏற்கெனவே நீரில் இருப்பவர்மேல் இடித்துக்கொள்ளாமல் இருக்க, குளிர்ந்த உடம்போடு வருவதாகக் குரல் கொடுத்துக்கொண்டே இறங்குவது வழக்கம். குளித்த ஆண்கள் மாடியில் தேநீர் குடித்து, பலகை விளையாட்டு ஆடி, ஊர்க்கதை பேசினார்கள்.

பல இடங்களில் ஆண்களும் பெண்களும் ஒன்றாகவே குளித்தனர். 1791இல் அரசு இதைத் தடைசெய்தது. ஆயினும் வழக்கம் எளிதில் ஒழியவில்லை. 1868க்குப் பின் வந்த மெய்ஜி அரசு, மேற்கத்தியர் முன் நாட்டின் மானம் போகிறதென்று கருதித் தடையை இறுக்கியது. தாழ்ந்த வாசல்களும் மறைந்து, உயர்ந்த கூரையும் வெளிச்சமும் உள்ள கூடங்கள் வந்தன. 1912இல் டோக்கியோவின் கண்டா பகுதிக் குளியலகம் ஒன்றின் சுவரில் ஃபுஜி மலை தீட்டப்பட்டது. பிறகு அது டோக்கியோ வட்டாரத்துச் செந்தோக்களின் அடையாளமாகவே ஆயிற்று.

1968 வாக்கில் நாடெங்கும் ஏறத்தாழ 18,000 செந்தோக்கள் இருந்தன. வீடுகளில் குளியலறை வந்ததும் கூட்டம் குறைந்தது. இன்று 2,000கூட இல்லை. குளிக்கும் முறை மட்டும் வீட்டுக்குள்ளும் தொடர்கிறது. வெளியே சோப்புப் போட்டு, உடம்பை நன்றாக அலசிய பிறகே தொட்டியில் இறங்குவார்கள். ஒரே தொட்டி வெந்நீரில் குடும்பத்தார் ஒருவர்பின் ஒருவராக அமிழ்வதால், அதில் அழுக்குக் கலக்கக் கூடாது.